நாற்பது சொற்கள்

திராட்சைக் கொடிக்குக் கம்பம் நடக் குழி தோண்டியபோது
ஸாஸாவின் கடப்பாரையில் முதலில் இடித்தது அவள் முழங்கால்.
நல்லவேளை, வலது கால்.
சேதி எல்லாம் இடது பக்கத்தில் இருந்தது.

நகரசபைத் தலைவர் ஒமாரி மறுநாளே வந்தார்,
காலணியில் சேறு படாமல் பலகைமேல் நின்றுகொண்டார்.
இடுப்பெலும்பில் அம்பு என்று யாரோ சொல்லிவிட்டார்கள்.
"வீராங்கனை" என்றார். "போரில் விழுந்தவள்.
அருங்காட்சியக வாசலிலேயே வைப்போம்.
நாற்பது சொல்லில் எழுதிக் கொடுங்கள், எத்தேரி."

என் மேசை இரண்டு மீட்டர். அவளுக்கு அதில் நிறைய மிச்சம்.
விரல்நுனி எலும்புகளில் பாதியை எலி கொண்டுபோயிருக்கிறது.
தூரிகை மண்ணை நீக்க நீக்க
வெண்கலத்தின் பச்சை தெரிந்தது,
அதைச் சுற்றி வழுவழுப்பாய் எலும்பு,
முள்கம்பியை மெல்ல விழுங்கும் சாலையோர மரம் போல.
அப்படி விழுங்க ஆண்டுக்கணக்கில் ஆகும்.
விழவில்லை, ஒமாரி.
அம்போடு எழுந்து போயிருக்கிறாள்.

கண்குழியின் கூரையில் பொடிப்பொடியாய்த் துளைகள்:
சின்ன வயதில் ரத்தம் வற்றியிருக்கிறது.
முன்பல்லில் குறுக்கே மூன்று கோடு.
மூன்று முறை அந்த உடம்பு
வளர்வதை நிறுத்திவிட்டுக் காத்திருந்திருக்கிறது.
எதற்காக என்று கேட்காதீர்கள்.
காய்ச்சலாக இருக்கலாம், குதிர் காலியாக இருக்கலாம்.
மூன்று முறையும் மறுபடி தொடங்கியிருக்கிறது.

கால் பெருவிரல் மூட்டில் ஒரு தேய்ந்த பளபளப்பு.
மண்டியிட்டு மண்டியிட்டு மாவரைத்தவள்.
எத்தனை மூட்டை, யார் யாருக்கு,
அதெல்லாம் செரித்துப் போய்விட்டது.

இடது முன்கை
நடுவில் முறிந்து, சற்றே கோணலாய்க் கூடியிருக்கிறது.
முகத்துக்கு நேரே வருவதைத் தடுக்கத் தூக்கிய கை
இப்படித்தான் முறியும்.
அம்பு தொலைவிலிருந்து வரும்.
இது கையெட்டும் தூரத்திலிருந்து வந்தது.
யாருடைய கை என்று எழுத என்னிடம் சொல் இல்லை,
"வீராங்கனை"க்குப் பக்கத்தில் வைக்க
ஒமாரியிடமும் இருக்காது.

கடைசியாகத் தாடையைத் திருப்பினேன்.
வலது கீழ்க் கடைவாய்ப் பல்லின் வேரடியில்
ஒரு பட்டாணி நுழையுமளவு ஓட்டை.
சீழ் எலும்பைத் தின்று வெளியேறிய வழி.
விளிம்பு ஆறவே இல்லை.
அம்பையும் அடியையும் பசியையும் தாண்டியவளை
ஒரு பல்.
சத்தியம் செய்ய மாட்டேன்.
ஆனால் கையில் இருப்பது அவ்வளவுதான்.

அன்று மாலை கூலிச் சீட்டில் கையெழுத்து வாங்க ஸாஸா வந்தான்,
ஒரு கன்னம் மட்டும் வேறு யாருடையதோ போல உப்பி.
"ஒன்றுமில்லை" என்றான்,
வாய்க்குள் திராட்சைச் சாராயத்தை ஒதுக்கியபடி.
ஒரு வாரமாக அதே பதில்.
விளக்கை இழுத்து, ஓட்டையின் மேல் பிடித்தேன்.
ஒரு வார்த்தை சொல்லவில்லை.
அவன் பார்த்துக்கொண்டே இருந்தான்.
வாயிலிருப்பதைத் துப்புவதா விழுங்குவதா என்று
தெரியாமல் கொஞ்ச நேரம்.
விழுங்கினான்.
"தெலாவிக்குக் கடைசி பஸ் எத்தனை மணிக்கு?"

அருங்காட்சியகச் சீட்டு முப்பத்தேழு சொல்லில் நிற்கிறது.
அம்பு இருக்கிறது, அம்புக்குப் பிந்தைய ஆண்டுகள் இருக்கின்றன,
முன்கையும் இருக்கிறது.
"பல்" என்ற சொல்லை மட்டும் சிவப்பில் அடித்து
இரண்டு தடவை திருப்பி அனுப்பிவிட்டார் ஒமாரி.
வாசலில் நிற்பவளுக்குப் பல்வலி அழகில்லையாம்.
மூன்றாம் முறை எழுதிக்கொண்டிருக்கிறேன்.

ஜன்னலுக்கு வெளியே, பஞ்சு கடித்த வாயோடு
ஸாஸா அடுத்த குழியைத் தோண்டுகிறான்.
கடப்பாரையைச் சுவரில் சாய்த்துவிட்டான்.
கையால்.